பகிர்வு நூலகக் கோப்புகள்: அமைப்பும் பயனும் சிக்கலும்

பகிர்வு நூலகக் கோப்பு என்பது பல நிரல்களுக்கும் பொதுவாகத் தேவைப்படும் செயற்கூறுகளை இயந்திரமொழியில் தொகுத்து வைத்திருக்கும் கோப்பு. அது தானாக இயங்குவதில்லை. ஒரு நிரல் தொடங்கும்போது இந்தக் கோப்பைத் தேடி எடுத்து அந்த நிரலின் நினைவகப் பரப்பில் பொருத்திக் கொடுக்கிறது இயங்குதளம். அதன்பின் நூலகத்தின் செயற்கூறுகளை நிரல் தன்னுடையவற்றைப் போலவே அழைத்துக்கொள்ளும். லினக்ஸில் இத்தகைய கோப்பின் பெயரில் ‘எஸ்ஓ’ என்ற பின்னொட்டு இருக்கும். விண்டோஸில் அது டிஎல்எல், மேக்ஓஎஸ்ஸில் டைலிப். திரையில் ஒரு வரியை அச்சிடும் மிகச் சிறிய நிரல்கூட லினக்ஸில் ‘லிப்சி.எஸ்ஓ.6’ என்ற நூலகம் இல்லாமல் பொதுவாக இயங்காது. கோப்பைத் திறப்பது, நேரம் கேட்பது, நினைவகம் பெறுவது, சொற்களை ஒப்பிடுவது என்று ஏறத்தாழ எல்லா நிரல்களும் செய்யும் அடிப்படை வேலைகள் சுமார் 2 மெகாபைட் அளவுள்ள அந்த ஒரே கோப்பில் அடங்கியிருக்கின்றன.

எந்த வேலையைப் பொதுவில் வைக்க வேண்டும் என்பதற்குத் தமிழ் எழுத்துகளைத் திரையில் வரைவது நல்ல சான்று. ‘கொ’ என்ற எழுத்து நினைவகத்தில் ‘க’வும் அதன் பின் ஓர் உயிர்க்குறியுமாக இரண்டு குறியெண்களாக இருக்கிறது. வரையும்போது அந்த உயிர்க்குறியை இரண்டாகப் பிரித்து, ஒற்றைக்கொம்பைக் ககரத்துக்கு முன்னாலும் காலைப் பின்னாலும் போட வேண்டும். ‘க்ஷ’ என்பதில் மூன்று குறியெண்கள் சேர்ந்து ஒரே வடிவமாக வேண்டும். கடிதம் எழுதும் மென்பொருளுக்கும் இணைய உலாவிக்கும் கோப்புப் பெயர்களைக் காட்டும் நிரலுக்கும் இதே விதிகள்தான். ஒவ்வொரு நிரலாளரும் தனித்தனியே எழுதினால் ஒன்றில் எழுத்து சரியாக வரும், அடுத்ததில் கொம்பு இடம் மாறி நிற்கும். லினக்ஸ் மென்பொருள்கள் பலவற்றுக்கும் இந்த வேலையை ஹார்ஃப்பஸ் என்ற நூலகம் செய்கிறது. விண்டோஸில் முதலில் யுனிஸ்கிரைப் என்ற நூலகமும் பின்னர் டைரக்ட்ரைட்டும் செய்தன. விதி ஓரிடத்தில் திருந்தினால் அதை நம்பியிருக்கும் எல்லா மென்பொருளிலும் எழுத்து திருந்துகிறது.

நூலகம் பிறந்த விதம்

எழுதி முடித்த நிரல்துண்டை மறுபடி பயன்படுத்தும் வழக்கம் கணினியளவுக்கே பழையது. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் 1949 மே மாதம் இயங்கத் தொடங்கிய எட்சாக் கணினிக்காக மாரிஸ் வில்க்ஸ், டேவிட் வீலர், ஸ்டான்லி கில் ஆகியோர் துணைநிரல்களைத் துளையிட்ட காகித நாடாக்களில் பதித்து அலமாரியில் அடுக்கி வைத்தனர். வர்க்கமூலம் கணக்கிட வேண்டியவர் அதற்குரிய நாடாவை எடுத்து, அதன் துளைகளைத் தம் நிரலின் நாடாவில் படியெடுத்துக்கொள்வார். இந்த முறையை விளக்கி மூவரும் 1951இல் வெளியிட்ட நூல் நிரலாக்கப் பாடநூல்களின் வரிசையில் முதலாவதாகப் பொதுவாகச் சொல்லப்படுகிறது.

படியெடுத்துச் சேர்க்கும் அந்த முறைதான் இன்று நிலையான இணைப்பு எனப்படுகிறது. கம்பைலர் மூலநிரலை இயந்திரமொழிக்கு மாற்றியதும், இணைப்பான் என்ற கருவி நூலகத்திலிருந்து தேவையான செயற்கூறுகளை வெட்டியெடுத்து நிரல் கோப்புக்குள்ளேயே ஒட்டிவிடும். கிடைக்கும் கோப்பு தன்னிறைவு உடையது, வேறு எதையும் தேடாது. ஆனால் நூறு நிரல்கள் ஒரே செயற்கூற்றைப் பயன்படுத்தினால் வட்டில் நூறு படிகள் இருக்கும், அவை ஒரே நேரத்தில் இயங்கினால் நினைவகத்திலும் நூறு படிகள். வேறுபாடு சிறிதல்ல. ஒரு வரி அச்சிடும் சி நிரலை இன்றைய 64 பிட் லினக்ஸில் பகிர்வு நூலகத்துடன் இணைத்தால் கோப்பு ஏறக்குறைய 16 கிலோபைட் வரும். அதையே நிலையாக இணைத்தால் 800 கிலோபைட்டைத் தொடும்.

இயங்கும் நேரத்தில் இணைப்பது என்ற எண்ணத்தை 1960களிலேயே செயலாக்கியது மல்டிக்ஸ். எம்ஐடி, பெல் ஆய்வகம், ஜெனரல் எலக்ட்ரிக் ஆகியவை சேர்ந்து உருவாக்கிய அந்த இயங்குதளத்தில் ஒரு செயற்கூறு முதன்முறை அழைக்கப்படும்போதுதான் அதன் இடம் கண்டறியப்பட்டுப் பொருத்தப்படும். மல்டிக்ஸிலிருந்து விலகி வந்தவர்கள் எழுதிய யூனிக்ஸ் இதைக் கைவிட்டது. சிறிய கணினி, சிறிய நிரல், சிறிய நூலகம் என்றிருந்த காலத்தில் அது தேவைப்படவுமில்லை. 1980களில் சாளரங்களும் பொத்தான்களும் வந்து, அவற்றை வரையும் நூலகங்கள் பெருத்தபோது நிலைமை மாறியது. ஒரு கடிகாரத்தைக் காட்டும் நிரல்கூடச் சாளர நூலகம் முழுவதையும் வயிற்றில் சுமக்க வேண்டியிருந்தது.

யூனிக்ஸின் சிஸ்டம் ஃபைவ் மூன்றாம் வெளியீடு இதற்குக் கண்ட தீர்வு, ஒவ்வொரு நூலகத்துக்கும் நினைவகத்தில் நிலையான முகவரி ஒன்றை ஒதுக்கிவிடுவது. தொடக்ககால லினக்ஸும் அதையே பின்பற்றியது. எந்த நூலகத்துக்கு எந்த முகவரி என்ற பட்டியலை யாராவது பராமரிக்க வேண்டும், இரண்டு நூலகங்கள் ஒரே இடத்தில் மோதக் கூடாது, நூலகம் வளர்ந்தால் ஒதுக்கிய இடத்தைத் தாண்டக் கூடாது. புதிய நூலகங்கள் வாரந்தோறும் பிறக்கும் சூழலில் இது தாங்காது. சன் நிறுவனம் 1988இல் வெளியிட்ட சன்ஓஎஸ் 4.0 வேறு வழியைக் காட்டியது. எந்த முகவரியில் ஏற்றினாலும் மாற்றமின்றி இயங்கும் வகையில் நூலகத்தின் இயந்திரமொழி எழுதப்பட்டது. இன்றைய முறையின் அடித்தளம் அதுதான். அதன் கருத்துகள் சிஸ்டம் ஃபைவ் நான்காம் வெளியீட்டின் எல்ஃப் கோப்பு வடிவத்துக்குச் சென்றன. 1990களின் நடுவில் லினக்ஸும் எல்ஃபுக்கு மாறியது.

விண்டோஸின் கதை தனி. 1985இல் வந்த முதல் பதிப்பே டிஎல்எல் என்ற ஏற்பாட்டின் மேல் கட்டப்பட்டது. அது கேட்ட குறைந்தபட்ச நினைவகம் 256 கிலோபைட். அதற்குள் இயங்குதளமும் பல செயலிகளும் அடங்க வேண்டுமென்றால் பொதுவான பகுதியை ஒருமுறை மட்டும் ஏற்றுவதைத் தவிர வழியில்லை.

நினைவகத்தில் நடப்பது

பகிர்வு எப்படிச் சாத்தியமாகிறது என்பதை அறிய நினைவகப் பக்கங்களைப் பார்க்க வேண்டும். இயங்குதளம் நினைவகத்தைப் பெரும்பாலும் 4 கிலோபைட் அளவுள்ள பக்கங்களாகப் பிரித்து நிர்வகிக்கிறது. இயங்கும் ஒவ்வொரு நிரலுக்கும் தனக்கென ஒரு முகவரிப் பரப்பு இருப்பதாகத் தோன்றும். அந்த முகவரிகளை உண்மையான நினைவகப் பக்கங்களோடு பொருத்தும் அட்டவணை இயங்குதளத்தின் கையில் இருக்கிறது. எனவே நூலகத்தின் ஒரு பக்கம் நினைவகத்தில் ஒரே இடத்தில் இருக்க, ஐம்பது நிரல்களின் அட்டவணைகள் அதே பக்கத்தைச் சுட்டலாம். ஒவ்வொரு நிரலிலும் அது வேறு வேறு முகவரியில் இருப்பதாகத் தோன்றினாலும் உள்ளே இருப்பது ஒரே படிதான்.

கட்டளைகள் அடங்கிய பக்கங்கள் எழுதத் தடை செய்யப்பட்டவை. யாரும் மாற்ற முடியாது என்பதால் அவற்றைப் பகிர்வதில் ஆபத்தில்லை. நூலகத்தின் மாறிகள் இருக்கும் பக்கங்கள் அப்படியல்ல. ஒரு நிரல் தன் மாறியை மாற்றினால் அது மற்றொரு நிரலுக்குத் தெரியக் கூடாது. அதற்கு ஓர் ஏற்பாடு உண்டு. தொடக்கத்தில் அந்தப் பக்கங்களும் பொதுவாகவே இருக்கும். எந்த நிரல் எழுத முற்படுகிறதோ அந்த நிரலுக்கு மட்டும் அந்தக் கணத்தில் தனிப்படி எடுத்துக் கொடுக்கப்படும். மேலும், நூலகம் முழுவதும் ஒரே மூச்சில் வட்டிலிருந்து படிக்கப்படுவதில்லை. எந்தப் பக்கம் தொடப்படுகிறதோ அதுமட்டுமே நினைவகத்துக்கு வருகிறது.

ஆண்ட்ராய்டு இதை இன்னும் ஒரு படி மேலே கொண்டுபோயிருக்கிறது. கைப்பேசி தொடங்கும்போது ஸைகோட் என்ற தாய்நிரல் பொதுவான நூலகங்களை எல்லாம் ஏற்றி ஆயத்தமாக இருக்கும். பயனர் ஒரு செயலியைத் தொட்டதும் ஸைகோட் தன்னைப் போல இன்னொன்றைப் பிரித்துக் கொடுக்கிறது. புதிய செயலி நூலகங்களைத் தேடி ஏற்றும் நேரம் மிச்சம், நினைவகப் பக்கங்களும் பொது.

கோப்பின் உள்ளே

எல்ஃப் வடிவத்தில் உள்ள எந்தக் கோப்பைத் திறந்தாலும் முதல் பைட்டின் மதிப்பு 127 என்றிருக்கும். அடுத்த மூன்று பைட்டுகளில் ஆங்கில எழுத்துகளில் ‘எல்ஃப்’ என்ற பெயர் இருக்கும். அதைத் தொடரும் தலைப்பகுதி, கோப்பு எந்த வகைச் சிபியுவுக்கு உரியது, எந்தப் பகுதி எந்த அனுமதியோடு நினைவகத்தில் ஏற வேண்டும் என்ற தகவல்களைத் தருகிறது. நூலகத்துக்கே உரிய முக்கியமான பகுதிகள் சில உண்டு. தான் பிறருக்கு வழங்கும் செயற்கூறுகளின் பெயர்ப்பட்டியல், அந்தப் பெயர்களை விரைவாகத் தேட உதவும் அட்டவணை, தனக்குத் தேவையான மற்ற நூலகங்களின் பெயர்கள், ஏற்றியபின் திருத்த வேண்டிய முகவரிகளின் பட்டியல் ஆகியவை அவை. விண்டோஸின் டிஎல்எல்லில் இவை ஏற்றுமதி அட்டவணை, இறக்குமதி அட்டவணை என்று வேறு பெயர்களில் இருக்கின்றன.

பயனர் ஒரு நிரலைத் தொடங்கினால் லினக்ஸ் கரு முதலில் அந்த நிரலை நேரடியாக இயக்குவதில்லை. நிரல் கோப்பு தன் தலைப்பகுதியில் ஓர் இயங்குநேர இணைப்பானின் பெயரைக் குறித்து வைத்திருக்கும். கரு அதையும் சேர்த்து ஏற்றி, கட்டுப்பாட்டை அதனிடம் ஒப்படைக்கிறது. அந்த இணைப்பானும் ஒரு பகிர்வு நூலகக் கோப்புதான். அது தன்னைத்தானே முதலில் சரிசெய்துகொண்டு, நிரலுக்குத் தேவையான நூலகங்களையும், அந்த நூலகங்களுக்குத் தேவையான நூலகங்களையும் ஒன்றன்பின் ஒன்றாக ஏற்றி, முகவரிகளைப் பொருத்திய பிறகே நிரலின் முதல் கட்டளைக்குப் போகிறது.

ஓர் அழைப்பை நெருங்கிப் பார்ப்பது பயன் தரும். ‘புட்ஸ்’ என்ற செயற்கூற்றை நிரல் அழைக்கிறது. அது எந்த முகவரியில் இருக்கும் என்பது கம்பைல் செய்த நாளில் யாருக்கும் தெரியாது. எனவே கம்பைலரும் இணைப்பானும் சேர்ந்து இரண்டு ஏற்பாடுகளைச் செய்து வைக்கின்றன. ஒன்று, நிரலுக்குள்ளேயே ‘புட்ஸ்’ஸுக்கென ஒரு சிறிய இடைக்கட்டளைத் துண்டு. இரண்டு, எழுதக்கூடிய பகுதியில் ஒரு முகவரி அட்டவணை. நிரல் அழைப்பது இடைத்துண்டை. இடைத்துண்டு அட்டவணையில் எழுதியிருக்கும் முகவரிக்குத் தாவுகிறது. முதல்முறை அங்கே இருப்பது இயங்குநேர இணைப்பானுக்குப் போகும் வழி. இணைப்பான் ஏற்றப்பட்ட நூலகங்களின் பெயர்ப்பட்டியல்களில் வரிசையாகத் தேடி, ‘லிப்சி’யில் ‘புட்ஸ்’ இருக்கும் இடத்தைக் கண்டுபிடித்து, அந்த முகவரியை அட்டவணையில் எழுதிவிட்டு அங்கே தாவுகிறது. இரண்டாம் முறையிலிருந்து தேடல் கிடையாது, அட்டவணை வழியே நேராகப் போய்ச் சேரும்.

தேவைப்படும்போது மட்டும் தேடும் இந்த முறை நிரலை விரைவாகத் தொடங்க உதவியது. ஆனால் எழுதக்கூடிய முகவரி அட்டவணை தாக்குபவருக்கும் வாய்ப்பாகிறது. அதில் ஒரு முகவரியை மாற்றிவிட்டால் நிரலின் போக்கையே திருப்பலாம். ஆகவே பல லினக்ஸ் வெளியீடுகள் இப்போது எல்லாப் பெயர்களையும் தொடக்கத்திலேயே தேடி நிரப்பிவிட்டு, அட்டவணையை எழுத முடியாததாகப் பூட்டிவிடுகின்றன. தொடங்கும் நேரம் சிறிது கூடினாலும் இதுவே சரியான தேர்வு. எந்த முகவரியிலும் ஏறக்கூடிய நூலகம் என்பது இன்னொரு பாதுகாப்புக்கும் இடம் தந்தது. ஒவ்வொரு முறையும் நூலகத்தை வேறு வேறு முகவரியில் ஏற்றினால், தாக்குபவரால் எது எங்கே இருக்கும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது.

தேடும் வழி

நிரலில் குறிக்கப்பட்டிருப்பது நூலகத்தின் பெயர் மட்டுமே, பெரும்பாலும் அது இருக்கும் கோப்புறை குறிக்கப்படுவதில்லை. லினக்ஸில் இணைப்பான், நிரலுக்குள் பதிந்த தேடல் பாதை, ‘எல்டி லைப்ரரி பாத்’ என்ற சூழல்மாறி, ‘எல்டிகான்ஃபிக்’ கட்டளை ஆயத்தம் செய்து வைத்த பட்டியல், வழக்கமான ‘லிப்’ கோப்புறைகள் ஆகியவற்றில் ஒவ்வொன்றாகத் தேடுகிறது. எங்கும் கிடைக்காவிட்டால் நிரல் தொடங்குவதே இல்லை. பகிர்வு நூலகத்தைத் திறக்க முடியவில்லை என்ற ஒரு வரிச் செய்தியோடு நின்றுவிடும். மூலநிரலிலிருந்து மென்பொருளைக் கட்டி நிறுவுவோர் பலருக்கு முதலில் அறிமுகமாகும் பிழை இது. பெரும்பாலும் நூலகம் வட்டில் இருக்கும், நிறுவியபின் ‘எல்டிகான்ஃபிக்’ ஓட்டாததால் பட்டியலில் இருக்காது. சூழல்மாறியைக் கணினி முழுவதற்குமாக அமைத்து இதைச் சரிசெய்வது வழக்கத்தில் உள்ள தவறு. ஒரு நிரலுக்காகச் சேர்த்த பாதை மற்றெல்லா நிரல்களின் தேடலையும் மாற்றிவிடும்.

ஒரு நிரலுக்கு என்னென்ன நூலகங்கள் வேண்டும் என்று காட்டும் ‘எல்டிடி’ கட்டளையிலும் ஓர் எச்சரிக்கை உண்டு. சில சூழ்நிலைகளில் அது அந்த நிரலையே இயக்கி விவரம் பெறுகிறது. ஆகவே ஐயத்துக்குரிய கோப்புகளின் மேல் அதை ஓட்டக் கூடாது.

பதிப்புகளும் உடன்பாடும்

பகிர்வு நூலகத்தின் கடினமான பகுதி இங்கேதான் தொடங்குகிறது. நிரலும் நூலகமும் வெவ்வேறு நாளில், வெவ்வேறு ஊரில், ஒருவரையொருவர் அறியாதவர்களால் கம்பைல் செய்யப்படுகின்றன. இரண்டும் இயந்திரமொழி மட்டத்தில் ஒத்துப்போக வேண்டும். செயற்கூற்றின் பெயர் மாறாதிருந்தால் மட்டும் போதாது. ஒரு நூலகம் தன் தரவுக் கட்டமைப்பில் முதலில் நான்கு பைட் எண் ஒன்றும் அடுத்து ஒரு முகவரியும் வைத்திருக்கிறது என்று கொள்ளலாம். புதிய பதிப்பில் நடுவே ஓர் எட்டு பைட் புலம் நுழைந்தால், பழைய நிரல் முகவரி இருப்பதாக நினைத்துப் படிக்கும் இடத்தில் இப்போது வேறொன்று இருக்கும். மூலநிரலில் ஓர் எழுத்துகூட மாற வேண்டியதில்லை, திரும்பக் கம்பைல் செய்தால் எல்லாம் சரியாகிவிடும். ஆனால் கம்பைல் செய்யாத பழைய நிரல் எந்த எச்சரிக்கையும் இன்றித் தவறான தரவைப் படித்து, சில வேளை உடனே விழும், சில வேளை தவறான விடையோடு தொடர்ந்து ஓடும். இரண்டாவதுதான் கொடியது.

யூனிக்ஸ் வழிவந்தவை இதற்கு மூன்றடுக்குப் பெயர் முறையைக் கையாளுகின்றன. வட்டில் இருக்கும் உண்மைக் கோப்பின் பெயரில் முழுப் பதிப்பெண் இருக்கும். நிரல் தேடும் பெயரில் முதன்மை எண் மட்டும் இருக்கும், அது உண்மைக் கோப்பைச் சுட்டும் இணைப்பு. எண்ணே இல்லாத மூன்றாவது பெயர் கம்பைல் செய்வோருக்கு. உடன்பாடு மாறாத திருத்தங்களுக்கு உண்மைக் கோப்பு மட்டும் மாறும், சுட்டி புதியதை நோக்கித் திரும்பும். உடன்பாடு முறிந்தால் முதன்மை எண்ணையே உயர்த்த வேண்டும். அப்போது பழையதும் புதியதும் அருகருகே வாழும், பழைய நிரல் பழையதையே எடுத்துக்கொள்ளும். ‘லிப்சி.எஸ்ஓ.6’ என்பதில் உள்ள ஆறு 1997இல் லினக்ஸுக்கான குனு சி நூலகத்தின் இரண்டாம் தலைமுறையோடு வந்தது, இன்றுவரை மாறவில்லை. கால்நூற்றாண்டுக்கு மேலாக ஒரு நூலகம் தன் வாக்கைக் காப்பாற்றி வருவது மென்பொருள் உலகில் அரிய சாதனை.

அந்தச் சாதனைக்குப் பின்னால் ஒரு நுட்பம் இருக்கிறது. குனு சி நூலகத்தில் ஒவ்வொரு செயற்கூற்றுப் பெயருக்கும் தனித்தனியே பதிப்புக்குறி உண்டு. ஒரே பெயரில் பழைய நடத்தையும் புதிய நடத்தையும் ஒரே கோப்பில் இருக்கலாம். இதன் தேவையை 2010இல் வெளிவந்த ஃபெடோரா 14 என்ற லினக்ஸ் வெளியீடு காட்டியது. நினைவகத்தில் பைட்டுகளை ஓரிடத்திலிருந்து மற்றோர் இடத்துக்கு நகலெடுக்கும் ‘மெம்காப்பி’ என்ற செயற்கூறு வேகம் கருதி மாற்றி எழுதப்பட்டிருந்தது. சில சிபியுக்களில் அது பின்னிருந்து முன்னாக நகலெடுத்தது. மூல இடமும் சேரும் இடமும் ஒன்றின்மேல் ஒன்று படிந்தால் ‘மெம்காப்பி’யை அழைக்கக் கூடாது என்பது சி மொழியின் விதி. ஆனால் உலாவியில் காணொளி காட்டும் 64 பிட் ஃப்ளாஷ் செருகுநிரல் அவ்விதியை மீறியிருந்தது, பழைய நூலகத்தில் அது தற்செயலாகச் சரியாக நடந்தது. புதிய நூலகம் வந்ததும் காணொளிகளின் ஒலி சிதைந்தது. நூலகம் விதிப்படி சரி, நிரல்தான் தவறு என்று ஒரு சாரார் வாதிட்டனர். பயனருக்கு நேற்று ஓடியது இன்று ஓடவில்லை என்பதே உண்மை என்றார் லினக்ஸின் ஆசிரியர் லினஸ் டோர்வால்ட்ஸ். குனு சி நூலகத்தின் 2.14 பதிப்பு ‘மெம்காப்பி’க்குப் புதிய பதிப்புக்குறி கொடுத்தது. பழைய நிரல்களுக்குப் பழைய பாதுகாப்பான நடத்தை, புதிதாகக் கம்பைல் செய்பவற்றுக்கு வேகமானது. டோர்வால்ட்ஸின் பார்வையே நூலகம் எழுதுவோருக்கு ஏற்றது. ஆவணத்தில் உள்ளது மட்டுமல்ல, பயனர்கள் நம்பிவிட்ட நடத்தையும் உடன்பாட்டின் பகுதியாகிவிடுகிறது.

உடன்பாட்டை மாற்றியே தீர வேண்டிய நேரமும் வரும். நேரத்தை 32 பிட் எண்ணில் வைக்கும் கணினிகளில் 2038 ஜனவரி 19க்குப் பிறகு எண் நிரம்பி வழிந்துவிடும். அதை 64 பிட்டாக்கினால் நேரத்தைக் கையாளும் எல்லா நூலகங்களின் கட்டமைப்புகளும் மாறும். டெபியன் என்ற லினக்ஸ் வெளியீடு 2024இல் இம்மாற்றத்தைச் செய்தபோது பாதிக்கப்படும் நூலகப் பொதிகளின் பெயரோடு ‘டி64’ என்ற ஒட்டைச் சேர்த்து, அவற்றை நம்பியிருந்த மென்பொருள்களை எல்லாம் திரும்பக் கட்டியது.

விண்டோஸ் நெடுங்காலம் இத்தகைய பெயர்முறை இல்லாமலே இருந்தது. புதிய செயலியை நிறுவும்போது அதன் நிறுவுநிரல் தன்னோடு கொண்டுவந்த டிஎல்எல்லைச் சிஸ்டம் கோப்புறையில் அதே பெயரில் எழுதிவிடும். வந்தது பழைய பதிப்பாக இருந்தால் புதியதை நம்பியிருந்த மற்றச் செயலிகள் முடங்கும். நீக்குநிரல் ஒரு டிஎல்எல்லை அழித்தால் அதைப் பகிர்ந்திருந்தவை எல்லாம் சேர்ந்து விழும். 1990களில் விண்டோஸ் பயனர்கள் இயங்குதளத்தையே அடிக்கடி திரும்ப நிறுவ நேர்ந்ததற்கு இது பெரும் காரணம். விண்டோஸ் 2000 சிஸ்டம் கோப்புகளைக் காவல் காக்கத் தொடங்கியது, யாராவது மேலெழுதினால் அசலைத் திரும்ப வைத்துவிடும். 2001இல் வந்த எக்ஸ்பி ஒரே டிஎல்எல்லின் பல பதிப்புகளை அருகருகே வைத்து, எந்தச் செயலிக்கு எது என்று ஓர் அறிக்கைக் கோப்பின் வழியே தீர்மானித்தது.

தமிழ்ப் பயனர்களுக்கும் இந்த வரலாற்றில் பங்குண்டு. யுனிஸ்கிரைபின் கோப்புப் பெயர் ‘யுஎஸ்பி10.டிஎல்எல்’. விண்டோஸின் புதிய பதிப்போடும் ஆஃபிஸோடும் அதன் புதிய வடிவங்கள் வந்தன. இந்திய எழுத்துகள் திரையில் சரியாகத் தோன்றாதபோது பயனர்கள் புதிய கோப்பைத் தேடியெடுத்துச் செயலியின் சொந்தக் கோப்புறையில் வைத்துக்கொள்வது அன்று பரவலான வழக்கம். விண்டோஸ் பொதுவாகச் செயலியின் கோப்புறையில்தான் முதலில் தேடும் என்பதால் இது பலித்தது. ஒரு கோப்பை மாற்றியதும் எழுத்துகள் கூடி நின்றன. அதே தேடல் வரிசை தீயோருக்கும் பலிக்கும்.

இயங்கும்போதே திறப்பது

நூலகத்தைத் தொடக்கத்திலேயே ஏற்றாமல், வேண்டிய நேரத்தில் பெயர் சொல்லித் திறக்கவும் முடியும். லினக்ஸில் ‘டிஎல்ஓபன்’, விண்டோஸில் ‘லோட்லைப்ரரி’ என்ற செயற்கூறுகள் இதற்கு உள்ளன. செருகுநிரல் என்ற ஏற்பாடே இதன்மேல்தான் நிற்கிறது. அப்பாச்சி வழங்கியின் கூறுகள், லினக்ஸில் கடவுச்சொல் சரிபார்க்கும் கூறுகள், பைத்தானில் சி மொழியில் எழுதிய நம்பை போன்ற தொகுப்புகள், ஆண்ட்ராய்டு செயலிகளில் ஜாவாவிலிருந்து அழைக்கப்படும் எஸ்ஓ கோப்புகள் எல்லாம் இப்படித் திறக்கப்படுபவை. முதன்மை நிரலைத் தொடாமல் புதிய திறனைச் சேர்க்க இது உதவுகிறது. செருகியது பிழை செய்தால் முதன்மை நிரலும் சேர்ந்து விழும் என்பது இதன் விலை, இரண்டும் ஒரே முகவரிப் பரப்பில் இருக்கின்றன.

உரிமச் சட்டமும் இங்கே குறுக்கிடுகிறது. 1991இல் வெளியாகிப் பின்னர் எல்ஜிபிஎல் என்று அறியப்பட்ட குனு நூலகப் பொது உரிமம், நூலகத்தைப் பயனர் மாற்றிப் பொருத்திக்கொள்ள இயல வேண்டும் என்று கேட்கிறது. மூடிய மென்பொருள் தயாரிப்போருக்கு இதை நிறைவேற்ற எளிய வழி பகிர்வு இணைப்பே.

பாதுகாப்பு: ஓரிடத்தில் திருத்துவதும் ஓரிடத்தில் கெடுப்பதும்

நினைவகம் மலிந்துவிட்ட இன்று பகிர்வு நூலகத்தின் தலையாய பயன் இடச் சிக்கனம் அல்ல, குறையை ஓரிடத்தில் தீர்க்க முடிவதுதான். 2014 ஏப்ரல் 7 அன்று வெளிப்பட்ட ஹார்ட்பிளீட் என்ற பாதுகாப்புக் குறை இதற்கு நேரடிச் சான்று. ஓப்பன்எஸ்எஸ்எல் என்ற மறையாக்க நூலகத்தின் 1.0.1 முதல் 1.0.1எஃப் வரையிலான பதிப்புகளில், எதிர்முனை கேட்ட நீளத்தைச் சரிபார்க்காமல் ஒவ்வொரு முறையும் 64 கிலோபைட் வரை நினைவகத்தைத் திருப்பி அனுப்பும் பிழை இருந்தது. மறைச்சாவிகளும் கடவுச்சொற்களும் அதில் வெளியேறலாம். வலைவழங்கி, அஞ்சல்வழங்கி, தரவுத்தளம் என்று அந்த நூலகத்தை நம்பிய எதையும் திரும்பக் கம்பைல் செய்ய வேண்டியிருக்கவில்லை. திருத்திய நூலகக் கோப்பை நிறுவி, அதைப் பயன்படுத்தும் சேவைகளை நிறுத்தித் தொடங்கினால் ஓட்டை அடைபட்டது. நிறுத்தித் தொடங்குவது முக்கியம். கோப்பு மாறினாலும், முன்பே இயங்கிக்கொண்டிருக்கும் நிரலின் நினைவகத்தில் பழைய நூலகம்தான் இருக்கும். வெளியே கசிந்திருக்கக்கூடிய சாவிகளை மாற்றுவது வேறு வேலை.

இதற்கு மாறான அனுபவம் 2002இல் கிடைத்தது. தரவைச் சுருக்கும் ஸெட்லிப் நூலகத்தில் ஒரே நினைவகத்தை இருமுறை விடுவிக்கும் பிழை கண்டறியப்பட்டு 1.1.4 பதிப்பில் திருத்தப்பட்டது. சிறிய நூலகம் என்பதால் பலர் அதைத் தம் மென்பொருளுக்குள்ளேயே படியெடுத்து வைத்திருந்தனர். பகிர்வுக் கோப்பைத் திருத்தியபின்னும் எந்தெந்த நிரலுக்குள் பழைய படி ஒளிந்திருக்கிறது என்று தேட வேண்டியிருந்தது.

பொதுவில் வைத்ததைக் கெடுத்தால் கேடும் பொதுவாகும். ஈரானின் அணு நிலையத்தைத் தாக்கி 2010இல் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட், சீமென்ஸின் கட்டுப்பாட்டு மென்பொருள் பயன்படுத்தும் ஒரு டிஎல்எல்லின் பெயரை மாற்றிவிட்டு, அசல் பெயரில் தன் கோப்பை வைத்தது. அசல் வழங்கிய 109 செயற்கூறுகளில் 93ஐ அப்படியே அசலுக்குத் தள்ளிவிட்டது, 16இல் மட்டும் தன் வேலையைச் செய்தது. கட்டுப்பாட்டுக் கருவியில் என்ன எழுதப்படுகிறது என்பதைப் பொறியாளர் கண்ணுக்குத் தெரியாமல் அது மறைத்தது. லினக்ஸிலும் ஒரு சூழல்மாறியின் வழியே எந்த நூலகத்தையும் முதலில் ஏற்றச் செய்து மற்றவற்றின் செயற்கூறுகளை மறைக்கலாம். பிழைதேடுவோருக்கு அது நல்ல கருவி. அதே காரணத்தால், உயர்த்திய அதிகாரத்தோடு இயங்கும் நிரல்களில் இணைப்பான் அத்தகைய மாறிகளைப் பொருட்படுத்துவதில்லை.

2024 மார்ச் 29 அன்று வெளிவந்த எக்ஸ்ஸெட் நிகழ்வு இன்னும் ஆழமான பாடம். தொலைவிலிருந்து உள்நுழைய உதவும் எஸ்எஸ்எச் சேவை, எக்ஸ்ஸெட் தொகுப்பின் தரவுச் சுருக்க நூலகமான லிப்எல்ஸெட்எம்ஏவைப் பயன்படுத்துவதே இல்லை. ஆனால் டெபியன் போன்ற வெளியீடுகள், சேவை ஆயத்தமாகிவிட்டது என்று அறிவிப்பதற்காக அதில், சேவைகளை நிர்வகிக்கும் சிஸ்டம்டியின் லிப்சிஸ்டம்டி நூலகத்தை இணைத்திருந்தன. அது லிப்எல்ஸெட்எம்ஏவை இழுத்துக்கொண்டு வந்தது. பராமரிப்பாளர் என்ற நம்பிக்கையை ஆண்டுக்கணக்கில் ஈட்டிய ஒருவர் எக்ஸ்ஸெட்டின் 5.6.0, 5.6.1 பதிப்புகளில் மறைத்து வைத்த நிரல், இயங்குநேர இணைப்பு நடக்கும் கட்டத்திலேயே நுழைந்து, எஸ்எஸ்எச் அழைக்கும் கையொப்பச் சரிபார்ப்புச் செயற்கூற்றின் முகவரியைத் தன்பக்கம் திருப்பிக்கொண்டது. உள்நுழைவு சுமார் அரை விநாடி தாமதமாவதைக் கவனித்துத் துருவிய ஆண்ட்ரெஸ் ஃப்ராய்ண்ட் என்ற பொறியாளர் அதைக் கண்டுபிடித்ததால், பரவலாகப் பயன்படும் நிலையான வெளியீடுகளுக்குள் அது நுழையவில்லை. ஒரு நிரல் நேரடியாகக் கேட்காத நூலகமும் அதே அதிகாரத்தோடு உள்ளே அமர்ந்திருக்கும் என்பதை அந்நிகழ்வு உணர்த்தியது. சிஸ்டம்டியின் பிந்தைய பதிப்பு சுருக்க நூலகங்களைத் தேவைப்படும்போது மட்டும் திறக்கும்படி மாறியது.

பகிர்விலிருந்து விலகும் போக்கு

அண்மைக் காலத்தில் எதிர்த்திசைப் போக்கும் வலுத்திருக்கிறது. 2009இல் அறிமுகமான கோ மொழி பெரும்பாலும் எல்லாவற்றையும் ஒரே கோப்பில் நிலையாக இணைத்துவிடுகிறது. ரஸ்ட் மொழியும் தன் தொகுப்புகளை அப்படியே சேர்க்கிறது. குரோம் உலாவி ஹார்ஃப்பஸ் உட்படப் பல நூலகங்களின் சொந்தப் படியோடு வருகிறது. 2013இல் வந்த டாக்கர், நிரலையும் அதற்குத் தேவையான நூலகங்கள் அனைத்தையும் ஒரு பெட்டகத்தில் கட்டி அனுப்பும் முறையைப் பரப்பியது. சோதித்த அதே நூலகத்தோடுதான் ஓடும் என்ற உறுதி, நிரலைத் தயாரிப்பவருக்குப் பெரிய நிம்மதி. அதைக் குறைசொல்ல இடமில்லை.

நெதர்லாந்தின் உட்ரெக்ட் பல்கலைக்கழகத்தில் 2003இல் தொடங்கிய நிக்ஸ் என்ற பொதி நிர்வாகக் கருவி நடுவழி ஒன்றைக் கண்டது. ஒவ்வொரு நூலகமும் அது கட்டப்பட்ட முறையிலிருந்து கணக்கிட்ட அடையாளத்தைத் தாங்கிய தனிக் கோப்புறையில் வாழும். நிரல் அந்தத் துல்லியமான பாதையையே சுட்டும். ஒத்த தேவையுள்ளவை பகிர்ந்துகொள்ளும், வேறுபட்டவை மோதாது. ஆப்பிள் எதிர்முனைக்குப் போனது. 2020இல் வந்த பிக் சர் பதிப்பு முதல் மேக்ஓஎஸ்ஸின் சிஸ்டம் நூலகங்கள் வட்டில் தனித்தனிக் கோப்பாகவே இல்லை, முன்கூட்டியே ஒன்றோடொன்று இணைத்த ஒரு பெரிய தொகுப்புக்குள் இருக்கின்றன. 2016இல் வந்த ஆண்ட்ராய்டு 7.0, செயலிகள் இயங்குதளத்தின் உள்நூலகங்களைத் திறப்பதைத் தடுத்து, வாக்களித்த பொது நூலகங்களை மட்டும் விட்டுவைத்தது. 2024இல் வந்த ஆண்ட்ராய்டு 15 பதிப்பு 16 கிலோபைட் பக்கங்கள் கொண்ட சாதனங்களையும் ஏற்றது. 4 கிலோபைட்டுக்கு ஏற்ப அடுக்கப்பட்டிருந்த எஸ்ஓ கோப்புகளை அத்தகைய சாதனங்களுக்காகத் திரும்பக் கட்ட வேண்டியதாயிற்று.

விலகிச் சென்றவர்களுக்கு ஸெட்லிப் காலத்துக் கேள்வி திரும்ப வருகிறது. ஒரு நூலகத்தில் ஓட்டை தெரியவந்தால் அது எந்தெந்தப் பெட்டகத்துக்குள் இருக்கிறது என்று அறிய வேண்டும். அமெரிக்க அரசு 2021 மே மாதம் பிறப்பித்த ஆணை, தனக்கு மென்பொருள் விற்போர் உள்ளடங்கிய கூறுகளின் பட்டியலைத் தர வேண்டும் என்ற திசையில் விதிகளை நகர்த்தியது. கோ மொழி தான் உருவாக்கும் கோப்புக்குள்ளேயே, எந்தத் தொகுப்பின் எந்தப் பதிப்பு சேர்ந்திருக்கிறது என்ற விவரத்தைப் பதிந்து வைக்கிறது. அதைப் படித்து, அறியப்பட்ட குறைகளோடு ஒப்பிடும் கருவியையும் அம்மொழிக் குழுவே வழங்குகிறது. பட்டியலில் குறை தென்பட்டால் அந்த நிரல் கோப்பையும், அதைக் கொண்ட பெட்டகத்தையும் அதன் தயாரிப்பாளரே திரும்பக் கட்டி வெளியிட வேண்டும்.